கரையில் முடிந்த வழிகள்

சென்னையிலிருந்து தெற்கே, கடலை இடப்பக்கம் வைத்துச் செல்லும் கிழக்குக் கடற்கரைச் சாலையைப் பற்றி எழுதப் புகுவோர், அதனைப் பழந்தமிழர் துறைமுகங்களை இணைத்த பெருவழி என்று புகழ்ந்து தொடங்குவது வழக்கமாகிவிட்டது. மாமல்லை, மரக்காணம், அரிக்கமேடு, பூம்புகார், நாகை எனத் தொன்மைச் சிறப்புடைய துறைகள் இச்சாலையோரம் கோத்த மணிகள்போல் அடுத்தடுத்து நிற்கின்றன. மணிகளின் பழமையைக் கண்டவர், அவற்றைக் கோத்த நூலும் அத்துணைப் பழமையானது என்று எண்ணிக்கொள்வதில் வியப்பில்லை. நம் இலக்கியங்களைச் சற்று நின்று படித்தால் வேறொரு செய்தி கிடைக்கிறது. இக்கரையில் ஈராயிரம் ஆண்டுகளாக நிலவழிகள் மேற்கிலிருந்து கடலை நோக்கி வந்தன. கடற்கரையை அடைந்ததும் முடிந்தன. பட்டினத்துக்கும் பட்டினத்துக்கும் இடையே வழியாக இருந்தது தண்ணீர். கரையை ஒட்டி வடக்கும் தெற்குமாக ஓடும் சாலை, ஒரு பகுதி நீங்கலாக, நம் காலத்தின் படைப்பு. அந்த ஒரு பகுதியைப் பற்றிப் பின்னர் விரிவாகக் கூறுவேன்.

இதை நிறுவுவதால் என்ன பயன் என்று வட்டத்து அன்பர்கள் கேட்கலாம். நம் கவியரங்குகளில் நெய்தலைப் பாடாதவர் அரியர். ஆனால் அண்மைக் காலக் கவிதைகளில் வரும் நெய்தல் பெரும்பாலும் பேருந்தின் சன்னல் வழியே பார்த்த நெய்தலாக இருக்கிறது: ஒருபுறம் நீலம், மறுபுறம் சவுக்கு, நடுவே கருஞ்சாலை. சங்கப் புலவர் கடலை அப்படிப் பக்கவாட்டில் கடந்து சென்றவர் அல்லர். அதன் எதிரே வந்து நின்றவர். பார்வையின் இந்தத் திசைமாற்றம் எப்போது நேர்ந்தது என்று அறிவது கவிஞருக்கும் உரிய வேலை என்றே நான் கருதுகிறேன்.

சிறுபாணாற்றுப்படையிலிருந்து தொடங்குவோம். 269 அடிகள் கொண்ட இப்பாட்டை இயற்றியவர் இடைக்கழிநாட்டு நல்லூர் நத்தத்தனார். இடைக்கழிநாடு என்ற பெயர் இன்றும் வழக்கொழியவில்லை. மரக்காணத்துக்கு வடக்கே, கழிக்கும் கடலுக்கும் இடைப்பட்ட நிலத்தில், அப்பெயரிலேயே ஒரு பேரூராட்சி இருக்கிறது. கிழக்குக் கடற்கரைச் சாலை அதன் ஊடே செல்கிறது. ஆகவே, நத்தத்தனாரை இச்சாலையின் ஊர்க்காரர் என்று சொல்லிக்கொள்ள நமக்கு உரிமை உண்டு. ஓய்மாநாட்டு நல்லியக்கோடனிடம் பாணனை ஆற்றுப்படுத்தும் அவர் காட்டும் வழி எது? முதலில் எயிற்பட்டினம். அது இன்றைய மரக்காணம் என்பது அறிஞர் பலரின் முடிபு. அங்கே நுளைமகள் அரித்த பழந்தேறலும் சுட்ட உலர்மீனும் கிடைக்கும். அடுத்து வேலூர்; அங்கே எயிற்றியர் ஆக்கிய புளிச்சோறும் ஆமான் இறைச்சியும். அடுத்து ஆமூர், அங்கே உழவர் மகளிர் தரும் வெண்சோறும் நண்டுக் கறியும். பின்னர் நல்லியக்கோடனின் தலைநகரான கிடங்கில், அதாவது திண்டிவனத்தை அடுத்த கிடங்கல். மீனிலிருந்து சோற்றுக்கு, நெய்தலிலிருந்து மருதத்துக்கு, கிழக்கிலிருந்து மேற்குக்கு இவ்வழி செல்கிறது. கடலோர ஊரில் பிறந்த புலவர், கடலோரமாக ஒரு காத தூரமும் பாணனை நடத்தவில்லை.

எயிற்பட்டினக் கரையில் ஒரு காட்சியை நத்தத்தனார் வைத்திருக்கிறார். அலை கொண்டுவந்து ஒதுக்கிய நறுமண மரங்கள், ஒட்டகங்கள் படுத்துறங்குவதுபோல் மணலில் கிடக்கின்றனவாம். அவற்றை விறகாக்கித்தான் நுளைமகள் அடுப்பெரிக்கிறாள். வகுப்பில் இப்பகுதியை நடத்தும்போது மாணவியர் ஒட்டகத்தைப் பிடித்துக்கொள்வர். எனக்கோ விறகின் வரவுதான் பெரிதாகப் படுகிறது. அந்த ஊருக்கு வேற்றுலகம் சாலை வழியே வரவில்லை. அலை வழியே வந்தது.

பெரும்பாணாற்றுப்படையிலும் இதே அமைப்புதான். நீர்ப்பெயற்று என்னும் துறைமுகமும், மரக்கலங்களை அழைக்க இரவில் விளக்கேற்றிய உயர்ந்த மாடமும் அதில் வருகின்றன. அங்கிருந்து பாணன் செல்வது கச்சிக்கு, அதாவது உள்நாட்டுக்கு. மிளகுப் பொதி சுமந்த கழுதைச் சாத்துகள் நடக்கும் நெடுவழியில் உல்கு கொள்வதும், வில்லேந்திய வீரர் அவ்வழியைக் காப்பதும் அப்பாட்டில் உண்டு. சாலைக்குச் சுங்கம் கொடுப்பது தமிழனுக்குப் புதிதன்று என்பதை, இன்று சுங்கச்சாவடியில் வண்டியை நிறுத்தி முணுமுணுப்போர் நினைத்துக்கொள்ளலாம்.

வழிகள் இவ்வாறு குறுக்காகவே ஓடியதற்குக் காரணம் உப்பு. கடல் விளைவித்த உப்பு கடலோரத்து ஊருக்கு வேண்டுவதில்லை. அடுத்த பட்டினத்துக்கும் வேண்டுவதில்லை. அங்கும் அது விளைகிறது. அது வேண்டுவது மலையடிவாரத்து ஊருக்கும் வயற்புறத்து ஊருக்கும். நெல்லுக்கு உப்பை மாற்றும் உமணர் தம் வண்டி ஒழுகைகளை மேற்கு நோக்கித்தான் ஓட்டினர். பள்ளமும் மேடும் நிறைந்த அவ்வழியில் அச்சு முறியும் என்று அஞ்சி, வண்டியின் அடியில் மாற்று அச்சு ஒன்றைக் கட்டிச்சென்ற செய்தியை ஔவையார் புறநானூற்றில் உவமையாக ஆள்கிறார். சிறுபாணாற்றுப்படையிலோ உமணர் ஒழுகையோடு ஒரு மந்தி கொற்கைவரை வந்துவிடுகிறது. முத்தை உள்ளிட்ட கிளிஞ்சிலைக் கிலுகிலுப்பையாக ஆட்டி உமணப் பிள்ளைகளோடு விளையாடுகிறது. உள்நாட்டுக் குரங்கு கடற்கரையில் முத்தை ஆட்டுகிறது என்றால், அவ்வழி எங்கே தொடங்கி எங்கே முடிந்தது என்பதற்கு வேறு சான்று வேண்டுமா?

காப்பியத்துக்கு வருவோம். புகாரை விட்டு நீங்கிய கோவலனும் கண்ணகியும் மதுரைக்குச் செல்ல வேண்டும். நிலப்படத்தில் பார்த்தால் தென்மேற்கே இறங்குவது அண்மை. இளங்கோவடிகள் அவர்களை மேற்கே காவிரியின் வடகரையோடு நடத்தி, கவுந்தியடிகளைத் துணைசேர்த்து, அரங்கத்துக்கும் உறையூருக்கும் கொண்டுசென்று, பின்னரே தெற்கே திருப்புகிறார். ஆறு வந்த வழியே ஊரும் சோலையும் குடிநீரும் உண்டு. புகாரிலிருந்து புறப்படும் இயல்பான நிலவழி காவிரிக் கரையே. அடிகள் கதைக்காக வழியை வளைக்கவில்லை. மக்கள் நடந்த வழியில் கதையை நடத்தினார்.

கரையோரமாகச் செல்வோர் எவருமே நம் பழம்பாடல்களில் இல்லையா என்றால், ஒருவன் இருக்கிறான். அவன் நெய்தல் தலைவன். மணி ஒலிக்க, தேர்ச்சக்கரம் நண்டுகளை அறுக்க, இரவில் கானல் வழியே வருபவன். அவன் வரும் வழியின் இலக்கணத்தைப் பாருங்கள். மணலில் தேராழி புதைகிறது, கழி குறுக்கிடுகிறது, கழியில் சுறாவும் முதலையும் அஞ்சத்தக்கன. அகநானூற்றுப் பாடலொன்றில் தலைவனின் தேரை இழுக்கும் அத்திரி, கழிச்சுறா தாக்கிய புண்பட்ட காலோடு தளர்ந்து நிற்கிறது. ஆற்றது அருமை சொல்லி இரவுக்குறி மறுக்கும் தோழியின் சொல்வன்மைக்கு அடிப்படையே அங்கே சாலை இல்லாமைதான். இன்றைய நான்குவழிச் சாலையில் அவள் என்ன சொல்லித் தலைவனைத் தடுப்பாள் என்று எண்ணிப்பார்த்துச் சிரித்துக்கொள்வதுண்டு.

கரையோரப் பயணம் கடலில் நடந்தது. கி.பி. முதல் நூற்றாண்டைச் சேர்ந்த எரித்திரையக் கடல் வழிநூல் இக்கரையில் கமரா, பொதுகே, சோபட்மா என்னும் மூன்று துறைகளைச் சொல்கிறது. அவற்றை முறையே காவிரிப்பூம்பட்டினம், புதுச்சேரி (அரிக்கமேடு), எயிற்பட்டினம் எனக் கொள்வோர் பலர். சோ என்பதும் எயில் என்பதும் மதிலையே குறிக்கும் என்பது மூன்றாவதற்கு வலுச் சேர்க்கிறது. அந்நூல் அத்துறைகளில் கண்ட கலங்களை வகைப்படுத்துகிறது: கரையை ஒட்டியே சென்று மேற்குக் கரைவரை போகும் உள்நாட்டுக் கலங்கள், மரங்களை இணைத்துக் கட்டிய சங்கரா என்னும் பெரிய கலங்கள், கீழ்த்திசை நாடுகளுக்குச் செல்லும் பெருங்கப்பல்கள். சங்கரா என்பது நம் சங்காடம் என்போரும் உளர். எயிற்பட்டினத்தான் ஒருவன் புகாருக்குப் போக வேண்டுமானால், காலைக் காற்றைப் பார்த்து ஏறும் முதல்வகைக் கலம் அவனுக்கு இருந்தது. பிற்காலத்தில் பெரிய புராணம் திருநாவுக்கரசரைக் கல்லோடு பிணைத்துக் கடலில் இடச் செய்து, திருப்பாதிரிப்புலியூரில் கரையேற்றுகிறது. கடலூரை அடுத்துக் கரையேறவிட்ட குப்பம் என்ற ஊர்ப்பெயர் அதை இன்றும் சொல்லிக்கொண்டிருக்கிறது. நம்பிக்கையின் மொழியிலும் இக்கரையில் ஓரூரிலிருந்து இன்னோரூர் சேரும் வழி நீரே.

நிலவழி ஏன் உருவாகவில்லை என்பதை விளக்க நெடுங்கருத்து எதுவும் தேவையில்லை. வடக்கிலிருந்து எண்ணிக்கொண்டு வாருங்கள்: பாலாறு, கழுவேலியின் கழிமுகம், பெண்ணையாறு, கெடிலம், பரங்கிப்பேட்டையில் வெள்ளாறு, பிறகு கொள்ளிடம், காவிரி, தரங்கம்பாடியருகே நண்டலாறு, காரைக்காலில் அரசலாறு, நாகூரில் வெட்டாறு, நாகையில் கடுவையாறு, வேளாங்கண்ணிக்குத் தெற்கே வெள்ளையாறு. இத்தனை கழிமுகங்களையும் பாலமின்றிக் கடப்பது எளிதன்று. துறைமுகங்கள் உருவானதற்கும் அவற்றிடையே சாலை உருவாகாமைக்கும் இந்த ஆற்று வாய்களே காரணமாயின. புகழ்பெற்ற பெருவழிக் கல்வெட்டுகள் கிடைப்பதும் உள்நாட்டில்தான். கோவைப் பகுதியின் இராசகேசரிப் பெருவழியும், தகடூர்ப் பகுதியின் அதியமான் பெருவழியும் அத்தகையவை.

இனி, நான் விலக்காகக் குறித்த பகுதி. அது சேதுவழி. காவிரிப் பாசனத்தின் தென்கோடி கடந்தபின் கரையின் இயல்பு மாறுகிறது. பாக்கு நீரிணையில் அலை அடங்கியது; பேராறுகளின் வாய்கள் குறைவு. அங்கே கரையை அடுத்து ஒரு நடைவழி நெடுங்காலம் இருந்தது. அதை உண்டாக்கியது வணிகமன்று, இராமேசுவரம். வடபுலத்திலிருந்து தஞ்சைக்கு வந்த யாத்திரிகர் ஒரத்தநாடு, இராசாமடம், மணமேல்குடி, மீமிசல் என்று இறங்கி, கடலைக் கண்ணில் கொண்டு சேதுவுக்கு நடந்தனர். தஞ்சை மராட்டிய மன்னர்கள் அவ்வழியெங்கும் சத்திரங்கள் கட்டினர். ஒரத்தநாட்டு முத்தாம்பாள் சத்திரம் அவற்றுள் புகழ்பெற்றது. இரண்டாம் சரபோசி மன்னர் தாம் அன்பு கொண்டிருந்த முத்தாம்பாளின் நினைவாக எழுப்பியது. மோகனாம்பாள், இராசகுமாராம்பாள் என அரண்மனைப் பெண்டிர் பெயரால் விளங்கிய சத்திரங்கள் இவ்வழியில் வேறும் உண்டு. பெண்களின் பெயரைத் தாங்கிய இளைப்பாறும் இடங்கள் வரிசையாக அமைந்த ஒரு சாலை தமிழகத்தில் இருந்தது என்பது எனக்கு மகிழ்ச்சி தரும் செய்தி.

1799ஆம் ஆண்டு உடன்படிக்கையால் தஞ்சை ஆட்சி கும்பினியார் கைக்குப் போயிற்று. சரபோசிக்குக் கோட்டையும் பட்டமுமே எஞ்சின. 1801இல் அவர் கும்பினியின் பிரதிநிதிக்கு எழுதிய கடிதம், நிலத்துக்காகவோ படைக்காகவோ அன்றிச் சத்திரங்களின் நிர்வாகத்துக்காகவே மன்றாடுகிறது. அதில் அவர் தரும் செய்திகள் ஒவ்வொன்றும் படிக்கத்தக்கவை. எல்லாச் சாதியினரும், வரும் யாத்திரிகர் அனைவரும் சோறு பெறுவர். சமைத்த சோறு வேண்டாதார்க்கு அரிசியும் பிற பொருள்களும் அளக்கப்படும். நள்ளிரவில் மணி அடித்து, உண்ணாதார் எவரேனும் உண்டோ என்று கூவி அழைத்தபின்னரே அன்றைய சோறு முடியும். பயணத்தில் நோயுற்றோர்க்கு மருத்துவர் உண்டு. நஞ்சு தீண்டியவர்க்கும் மருந்து உண்டு. வழியில் மகப்பேறு நேரும் பெண்களைப் பேண ஏற்பாடு உண்டு. பெற்றோரை இழந்த குழந்தைகள் அங்கேயே வளர்வர், கற்பர். நாட்டை இழந்த ஒருவர், தெருவில் நடப்போரின் சோற்றை இழக்க மறுத்துக் கேட்டுக்கொண்ட கடிதம் இது. நம் சாலை வரலாறுகளில் கல்லும் கப்பியும் பேசப்படும் அளவுக்கு அந்த நள்ளிரவு மணி பேசப்படவில்லை. என் மதிப்பீட்டில், இக்கரையின் சாலை வரலாற்றில் அதைவிடப் பெரிய செய்தி இல்லை.

மண்டபம்வரை 1902இல் இருப்புப்பாதை வந்தது. 1914இல் பாம்பன் பாலம் திறக்கப்பட்டது. சேது யாத்திரிகர் வண்டியேறினர். சத்திரங்களின் அடுப்புகள் ஒவ்வொன்றாக அணைந்தன. கிழக்குக் கடற்கரைச் சாலை பின்னாளில் அதிராம்பட்டினம், மணமேல்குடி, மீமிசல், தொண்டி என்று சென்றபோது, பழைய நடைவழியின் பக்கத்திலேயே அது படுத்தது.

வடபகுதிக்குத் திரும்புவோம். ஐரோப்பியர் வருகைக்குப்பின் இக்கரையின் ஒவ்வொரு பட்டினமும் ஒவ்வொரு கொடியின் கீழ் நின்றது. சதுரங்கப்பட்டினத்தில் ஒல்லாந்தர், புதுச்சேரியிலும் 1739 முதல் காரைக்காலிலும் பிரெஞ்சுக்காரர், கடலூரில் 1690 முதல் ஆங்கிலேயர், தரங்கம்பாடியில் 1620 முதல் 1845 வரை தேனியர், நாகையில் போர்ச்சுகீசியர், 1658 முதல் ஒல்லாந்தர், 1781 முதல் ஆங்கிலேயர். இவர்களுக்கு எதிரே இருந்த நாடு கடலுக்கு அப்பால் இருந்தது. பக்கத்துப் பட்டினம் பகைவனுடையது. சீகன்பால்கு 1706இல் தரங்கம்பாடியில் இறங்கினார். 1715இல் அங்கே தமிழ்ப் புதிய ஏற்பாடு அச்சேறியது. அச்செழுத்து செருமனியிலிருந்தும் பொறி இலண்டனிலிருந்தும் கப்பலில் வந்தன. ஆனந்தரங்கப் பிள்ளை 1736 முதல் 1761 வரை எழுதிய நாட்குறிப்பைப் புரட்டினால், எந்தக் கப்பல் எப்போது வந்தது, என்ன கொண்டுவந்தது என்பதே முதற்பேச்சு. பட்டினத்தின் வாசல் கிழக்கே இருந்தது.

இப்படிக் கொடிகளால் துண்டுபட்ட கரையில் சாலை என்ன பொருள் தரும் என்பதை நம்மவருள் ஒருவர் நன்கறிந்திருந்தார். 1908இல் பாரதியார் புதுச்சேரிக்கு வந்தார். ‘இந்தியா’ இதழும் அங்கிருந்தே வெளிவந்தது. பிரித்தானிய ஆட்சிப் பகுதிக்குள் அது நுழையக் கூடாதென்று தடை விதிக்கப்பட, 1910இல் நின்றது. புதுச்சேரியிலிருந்து கடலூர் 25 கிலோமீட்டர்கூட இல்லை. ஒரு தாளைக்கூட அந்தத் தொலைவுக்கு அனுப்ப இயலாதிருந்தது. 1918 நவம்பரில் அவர் பிரெஞ்சு எல்லையைக் கடந்தார். கடலூர் அருகே கைதானார். கடலூர்ச் சிறையில் அடைக்கப்பட்டு டிசம்பரில் விடுதலை பெற்றார். அரைநாள் வண்டிப் பயணத்துக்கு நம் மகாகவிக்குப் பத்தாண்டுகள் தேவைப்பட்டன. 1954 நவம்பரில் ஆட்சி கைமாறும்வரை அந்த வழியில் எல்லையும் சுங்கமும் இருந்தன. இன்று அவ்வழியே பேருந்தில் செல்வோர், புதுச்சேரி எல்லையைக் கடந்ததைக் கடைப்பலகைகளைக் கண்டே அறிகின்றனர்.

நீர்வழியின் கடைசி அத்தியாயம் பக்கிங்காம் கால்வாய். 1806இல் சென்னைக்கு வடக்கே சிறு கால்வாயாகத் தொடங்கிய அது, வடக்கும் தெற்கும் நீண்டு, தெற்கே மரக்காணத்தை எட்டியது. 1877–78 பெரும் பஞ்சத்தின்போது, பசித்த மக்களுக்குக் கூலிவேலை தருவதற்காக அடையாற்றையும் கூவத்தையும் இணைக்கும் துண்டு வெட்டப்பட்டது. அக்கால ஆளுநரின் பெயர் கால்வாய்க்கு இடப்பட்டது. பெத்தகஞ்சம் முதல் மரக்காணம் வரை ஏறத்தாழ 420 கிலோமீட்டர். உப்பும் விறகும் இதில் சென்னைக்கு வந்தன. ஆற்று வாய்களைக் குறுக்கே கடக்கத் தயங்கிய மனிதன், கரைக்குள்ளேயே ஒரு அமைதியான கடலை வெட்டிக்கொண்டான் எனலாம்.

இக்கால்வாய்க்குப் பாவேந்தர் ஒரு பாட்டு எழுதியிருக்கிறார். ‘மாவலிபுரச் செலவு’ என்னும் அப்பாட்டு 1938இல் வெளிவந்த முதல் தொகுதியில் உள்ளது. சென்னையிலிருந்து மாமல்லபுரத்துக்கு நண்பர்களோடு ஓடத்தில் சென்ற பயணம் அதன் பொருள். நிலவையும் நீரையும் பாடி முடித்துவிடலாம் என்று இருந்துவிடாமல், ஓடத்தைக் கயிறு கட்டிக் கரையிலிருந்து இழுத்துச் செல்லும் உழைப்பாளியிடம் அவர் பார்வை திரும்புகிறது. பயணத்தின் இன்பம் எவர் தோளில் நடக்கிறது என்று கேட்ட அந்தக் கவிதை, இக்கரையின் பயணக் கவிதைகளுக்கு இன்றும் அளவுகோல். சாலையைப் பாடும் நம் கவிஞர்கள் அதை ஒருமுறை எடுத்துப் படிக்க வேண்டும் என்பது என் வேண்டுகோள். 1965, 1966ஆம் ஆண்டுப் புயல்களுக்குப்பின் கால்வாய்ப் போக்குவரத்து நலிந்தது. சென்னையில் அது சாக்கடையாயிற்று.

இருப்புப்பாதையும் பழைய அமைப்பையே பின்பற்றியது என்பதை இங்கே சேர்த்துச் சொல்ல வேண்டும். நாகையிலிருந்து தஞ்சைக்கு 1861இலும், திருச்சிக்கு 1862இலும் பாதை திறந்தது. காவிரி நாட்டைக் கிழக்கு மேற்காகக் கடக்கும் பழைய நடையையே வண்டியும் நடந்தது. விழுப்புரத்திலிருந்து புதுச்சேரிக்கு 1879இல் ஒரு கிளை. மாயவரத்திலிருந்து தரங்கம்பாடிக்கு 1926இல் ஒரு கிளை. தரங்கம்பாடிக் கிளை 1986இல் மூடப்பட்டது. ஒவ்வொன்றும் மேற்கிலிருந்து வந்து கரையில் நின்றது. 1930 ஏப்ரல் 13 அன்று இராசாசி திருச்சியிலிருந்து தொண்டர்களோடு புறப்பட்டு, தஞ்சை, கும்பகோணம், திருத்துறைப்பூண்டி வழியாக வேதாரணியம் சேர்ந்து, 30ஆம் நாள் உப்பெடுத்தார். நாமக்கல் கவிஞரின் நடைப்பாட்டு அந்த வழியில் பிறந்ததே. உமணர் உப்போடு மேற்கே சென்றனர். இவர்கள் உப்புக்காகக் கிழக்கே வந்தனர். திசை மாறினும் வழியின் போக்கு மாறவில்லை.

1990களில் ஆசிய வளர்ச்சி வங்கியின் கடனுதவியோடு கிழக்குக் கடற்கரைச் சாலை உருப்பெற்றபோதுதான் அது மாறியது. அதுவரை சென்னையிலிருந்து புதுச்சேரிக்குப் போவோர் திண்டிவனம் சுற்றியே போயினர். மாமல்லபுரத்துக்குச் செல்லும் பழைய சாலை கால்வாய்க்கு மேற்கே, திருப்போரூர் வழியாகச் சென்றது. கால்வாய்க்குக் கிழக்கே கிடந்த மணல்திட்டில் இருந்தவை குப்பங்களும் சவுக்குத் தோப்புகளும். சோழிங்கநல்லூருக்கு எதிரே அங்கே ஓர் இடத்துக்கு அக்கரை என்றே பெயர்; மேற்கே நின்று நீரைத் தாண்டிப் பார்த்தவர் வைத்த பெயராகத்தான் இருக்க வேண்டும். இன்று அந்த அக்கரைதான் வண்டிகள் நெரியும் இக்கரை. மரங்கள் வெட்டப்படுவதை எதிர்த்தும், கடற்கரையின் இயற்கை குலையும் என்றும் அந்நாளில் குரல்கள் எழுந்தன. சாலை வந்தது. சென்னை – புதுச்சேரிப் பகுதியில் 2002 முதல் சுங்கம் வாங்கப்பட்டது. அண்மை ஆண்டுகளில் அது தேசிய நெடுஞ்சாலையாகி அகலப்பட்டு வருகிறது.

சாலையால் நன்மையில்லை என்று நான் சொல்ல வரவில்லை. பிடித்த மீன் கெடுமுன் சந்தைக்குப் போகிறது. பேறுகாலப் பெண் மருத்துவமனைக்குப் போகிறாள். 2004 டிசம்பர் 26இல் ஆழிப்பேரலை நாகை மாவட்டத்தில் மட்டும் ஆறாயிரத்துக்கும் மேற்பட்டோரைக் கொண்டுபோனபோது, அரிசியும் மருந்தும் வந்ததும், பிணங்களைத் தேடி உறவினர் வந்ததும் சாலை வழியேதான். ஆயினும் ஒன்றைக் கண்ணெதிரே காண்கிறோம். கடலோரக் குப்பம் என்பது கிழக்கு நோக்கிய ஊர். வலை உலர்வதும், ஏலம் கூவுவதும், பெண்கள் கூடையோடு காத்திருப்பதும் கடல் முகத்தில். சாலை அதன் முதுகின்பின் வந்தது. வந்தபின் ஊரின் விலைமதிப்பு முதுகுப்புறத்துக்கு மாறியது. கடலைப் பார்க்கும் விடுதிகளும் மனைகளும் சாலைக்கும் கடலுக்கும் நடுவே எழுந்தன. பேரலைக்குப்பின், அலைவரம்பிலிருந்து 200 மீட்டருக்குள் இருந்த மீனவர் வீடுகளை அப்பால் கொண்டுசெல்ல அரசு ஊக்கம் தந்தது. புது வீட்டுக்குப் போனவர் கடலைக் காண நடக்க வேண்டியதாயிற்று. விடுதிகளின் மாடங்களோ கடலைப் பார்த்தபடியே நிற்கின்றன. கடலுக்கு அஞ்சி யார் விலகினர், யார் விலகவில்லை என்பதை அச்சாலையில் செல்லும் எவரும் எண்ணிக் கணக்கிடலாம்.

பட்டினங்களுக்கும் ஒன்று நேர்ந்தது. வழி முடியும் இடமாக இருந்தபோது, வருவோர் அங்கே தங்கியாக வேண்டும்; கப்பலுக்கோ காற்றுக்கோ காத்திருந்தாக வேண்டும். காத்திருப்போருக்காக அங்காடியும் கோயிலும் கூத்தும் வளர்ந்தன. பல மொழி பேசுவோர் கலந்துறைந்த நகரம் என்று பட்டினப்பாலை பாடும் புகார், வழிகள் முடிந்த இடமாகையால் அப்படி இருந்தது. இன்று தரங்கம்பாடிக்கும் பரங்கிப்பேட்டைக்கும் பெருஞ்சாலையில் கைகாட்டிப் பலகை உண்டு. வண்டி திரும்பவேண்டும் என்ற கட்டாயம் இல்லை. ‘பட்டினம்’ என்ற ஈற்றோடு சதுரங்கப்பட்டினம் முதல் தேவிபட்டினம் வரை எத்தனை ஊர்கள் இக்கரையில்! நாகையும் அதிராம்பட்டினமும் போலச் சில இன்றும் ஊக்கமாக உள்ளன. பலவற்றில் அந்த ஈறு மட்டுமே பழைய பெருமையைச் சுமக்கிறது.

மரக்காணத்தில் உப்பளங்கள் இன்றும் உண்டு. சித்திரை வெயிலில் பாத்திகளில் உப்பு வெளுத்துக் கிடக்கிறது. மகளிர் தலைச்சுமையாக அதைக் கரையேற்றுகின்றனர். குவித்து, மூட்டை கட்டி, லாரியில் ஏற்றிய உப்பு, கிழக்குக் கடற்கரைச் சாலையைக் குறுக்கே கடந்து, திண்டிவனச் சாலையில் மேற்கே போகிறது. நத்தத்தனார் பாணனை அனுப்பிய திசை அது. எயிற்பட்டினத்திலிருந்து கிடங்கிலுக்கு.